மீசை முளைத்த பிறகு – 14: பக்கத்தில் நிற்கிறவன்

டென்னிஸ் வாட்டர்மேன், கிளாப்பம் ஜங்ஷன் டிக்கெட் கலெக்டரின் ஒன்பதாவது பிள்ளை, 'வில்லியம்' தொடரில் அரைக்கால் சட்டையோடு வந்து, ஹாலிவுட் போய்த் திரும்பி, பதினேழு வயதில் ராயல் கோர்ட் மேடையில் 'சேவ்டு' நாடகத்து ரவுடிக் கும்பலில் ஒருத்தனாக நின்றது வரை ஆயிற்று. விட்டுப்போனவர்கள் பழைய இதழைப் புரட்டிக்கொள்ளுங்கள். இங்கே இடம் கிடையாது.

இந்த வாரம் 'தி ஸ்வீனி' என்று சொல்லியிருந்தேன். 1970களின் லண்டன், துப்பாக்கிக் கொள்ளை, கார் துரத்தல், கைகலப்பு என்று ஆசையும் காட்டியிருந்தேன். "என்ன சார், கார் துரத்தல் வந்துடுமா?" என்று ஆசிரியர் போனில் கேட்டார். "வந்துடும் சார்" என்றேன். வரும். ஆனால் நடுவில் ஒட்டக ரோமக் கோட்டும் தொப்பியும் சுருட்டுமாக ஒரு பெரியவர் வந்து சட்டமாக உட்கார்ந்துவிட்டார். வாரம் பூரா அவரோடுதான் போயிற்று. வாக்குக் கொடுத்ததை முதலில் தீர்த்துவிட்டு அவரிடம் போகிறேன்.

1974 ஜூனில் 'ரீகன்' என்றொரு படம் பிரிட்டிஷ் டிவியில் வந்தது. லண்டன் போலீஸின் 'ஃப்ளையிங் ஸ்க்வாட்' இன்ஸ்பெக்டர் ஜாக் ரீகனாக ஜான் தா; அவருடைய சார்ஜென்ட் ஜார்ஜ் கார்ட்டராக நம் டென்னிஸ். அதுதான் அடுத்த ஜனவரியில் 'தி ஸ்வீனி' தொடராயிற்று. 1978 முடிய 53 எபிசோடுகள், நடுவில் இரண்டு சினிமா.

அதுவரை அங்கே டிவி நாடகம் என்றால் ஸ்டுடியோவுக்குள் செட் போட்டு, ஆளுயர வீடியோ கேமராக்களை உருட்டிக்கொண்டு எடுப்பது. வெளியே போகும் காட்சிக்கு மட்டும் ஃபிலிம். வீட்டுக்குள் பளிச்சென்று இருப்பவன் கதவைத் திறந்து தெருவில் கால் வைத்ததும் மங்கிப்போவான். தேம்ஸ் டெலிவிஷனின் துணைக் கம்பெனி யூஸ்டன் ஃபிலிம்ஸ் இந்த வழக்கத்தை உடைத்தது. மொத்தத்தையும் 16 எம்.எம். ஃபிலிமில், தெருவிலேயே எடுத்தார்கள். ஹாமர்ஸ்மித்தில் கோலெட் கோர்ட் என்ற பழைய பள்ளிக்கூடக் கட்டடம். ஆபீஸும் அதுதான், போலீஸ் ஆபீஸ் செட்டும் அதற்குள்தான். ஒரு எபிசோடுக்குப் பத்து நாள் ஷூட்டிங். அப்படியென்றால் நாளைக்கு ஐந்து நிமிஷக் காட்சி தேற வேண்டும். சினிமாக்காரர்கள் கேட்டால் சிரிப்பார்கள்.

அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்கிறவன் வசனம் மறக்கக்கூடாது. தரையில் ஒட்டின அடையாளத்தைக் குனிந்து பார்க்காமல் சரியாக வந்து நிற்க வேண்டும். மழையில் நான்கு மணி நேரம் காத்திருந்துவிட்டு, கூப்பிட்டதும் ஒரே டேக்கில் முடிக்க வேண்டும். பன்னிரண்டு வயதிலிருந்து இந்தத் தொழிலில் இருக்கிறவனுக்கு இதெல்லாம் கைவந்த சமாசாரம். வில்லன்கள் பழைய ஜாகுவாரில் பறப்பார்கள், போலீஸ் ஃபோர்டில் விரட்டும், அட்டைப்பெட்டிக் குவியல் சிதறும், கடைசியில் கார்ட்டர் ஒருத்தனைச் சுவரோடு சேர்த்துப் பிடிப்பான். கார் துரத்தல் முடிந்தது.

'ஸ்வீனி'யை இப்போது பார்க்கிறவர்கள் ஜான் தாவைத்தான் பார்ப்பார்கள். முப்பத்துமூன்று வயதில் ஐம்பது வயசுக் களைப்பைக் காட்டிய முகம் அது. பின்னால் 'இன்ஸ்பெக்டர் மோர்ஸ்' ஆனவர். ரீகன் கத்துவார், மேலதிகாரியை முறைப்பார், கைதியின் சட்டையைப் பிடிப்பார். கேமரா அவரைத்தான் தேடும். நான் ஒரு வேலை செய்தேன். நாலைந்து எபிசோடுகளில் ரீகனை விட்டுவிட்டு, அவர் பேசும்போதெல்லாம் கார்ட்டரை மட்டும் பார்த்தேன். அவன் ஒன்றும் செய்வதில்லை. கேட்கிறான், அவ்வளவுதான். ஆனால் ரீகன் எல்லை மீறப்போகிறார் என்பது கார்ட்டரின் தாடையில்தான் முதலில் தெரிகிறது. ரீகன் நிஜமாகவே கோபப்படுகிறாரா, கைதியை மிரட்ட நடிக்கிறாரா என்று நமக்குக் குழம்பும் இடத்தில் கார்ட்டர் ஜன்னலோரம் போய் நின்றுகொள்கிறான். சரி, இது நடிப்புதான் என்று நாம் தெரிந்துகொள்கிறோம்.

எங்கே கற்றுக்கொண்டார் இதை? என்னுடைய கட்சி ஒன்று உண்டு. அவர் சிறுவனாக ஸ்ட்ராட்ஃபோர்டு மேடையில் நடித்தது பற்றி எழுதியபோது வேண்டுமென்றே சொல்லாமல் வைத்திருந்தேன்.

1960இல் ஷேக்ஸ்பியரின் 'தி விண்டர்ஸ் டேல்' நாடகத்தில் குட்டி இளவரசன் மாமிலியஸ் வேஷம் டென்னிஸுக்கு. வயது பன்னிரண்டு. 1933ஆம் வருஷத்துச் சட்டப்படி, அப்போது பன்னிரண்டு நிரம்பாத பிள்ளையைக் காசு வாங்கி நடத்தும் மேடையில் ஏற்ற லைசென்ஸே கிடையாது. பையன் அப்போதுதான் தகுதிக்கு வந்திருந்தான். மாமிலியஸுக்கு வசனம் கொஞ்சம்தான். அவன் வேலை வேறு. அப்பா, ராஜா லியான்டிஸ், பெண்டாட்டி மேல் சந்தேகப் பேய் பிடித்து நட்ட நடு மேடையில் புலம்புகிறார். பக்கத்தில் பையன் நிற்கிறான். அப்பா ஒரு வாக்கியம் மகனிடம் பேசுகிறார், அடுத்த ஐந்து வாக்கியம் தனக்குத்தானே பேசிக்கொள்கிறார், திரும்பவும் மகனைக் கூப்பிடுகிறார். என்னவோ சரியில்லை என்று பையனுக்குத் தெரிகிறது, என்னவென்று தெரியவில்லை. அதை வசனமில்லாமல் காட்ட வேண்டும், அப்பாவின் காட்சியைத் திருடாமலும் காட்ட வேண்டும். கொஞ்சம் கூடினால் மேடை அவன் பக்கம் சாய்ந்துவிடும். குறைந்தால் அவன் வெறும் மேஜை நாற்காலி. ஒரு சீசன் முழுக்க இந்தப் பயிற்சி. ராஜா லியான்டிஸுக்குப் பதில் ஜாக் ரீகனைப் போட்டுப் பாருங்கள். அப்புறம் ஆர்தர் டேலியை, அதாவது மேலே சொன்ன சுருட்டுப் பெரியவரைப் போட்டுப் பாருங்கள்.

போதாததற்கு, வீட்டில் கடைக்குட்டி. எட்டுப் பேர் பேசி முடித்த பிறகுதான் வாய் திறக்கவே முடியும்.

குழந்தை நட்சத்திரங்களில் அநேகம் பேர் எங்கே அடிபட்டுப் போகிறார்கள் என்று இந்தத் தொடரில் பலமுறை பார்த்தாயிற்று. சின்ன வயதில் எல்லோரும் தன்னையே பார்த்துப் பழகிவிட்ட பிள்ளைக்கு, வளர்ந்த பிறகு இன்னொருத்தனைப் பார்த்துக்கொண்டு நிற்கத் தெரிவதில்லை. வாட்டர்மேன் தன் தொழில் வாழ்க்கையின் பெரிய வெற்றிகளையெல்லாம் அப்படிப் பக்கத்தில் நின்றுதான் சம்பாதித்தார். இதைக் குறையாகச் சொல்லவில்லை. டிவி தொடர் என்பது வாராவாரம் வீட்டுக்கு வருவது. கத்துகிறவனை மட்டும் வாராவாரம் சகிக்க முடியாது. அவனோடு ஒரு சாதாரண மனுஷனும் வர வேண்டும்.

இப்போது அந்தப் பெரியவர்.

1979 அக்டோபர் 29. பிரிட்டனின் ஐ.டி.வி.யில் இரண்டு மாசத்துக்கு மேல் நடந்த வேலைநிறுத்தம் முடிந்து திரை திரும்ப உயிர்பெற்ற அடுத்த வாரம், 'மைண்டர்' தொடங்குகிறது. எழுதியவர் லியோன் கிரிஃபித்ஸ். யூஸ்டன் கம்பெனியை அப்போது நடத்தியவர் வெரிட்டி லாம்பர்ட். 'டாக்டர் ஹூ'வின் முதல் தயாரிப்பாளர். வாட்டர்மேனை மனசில் வைத்தே தொடரைத் திட்டம் போட்டார்கள். டெரி மெக்கேன் பழைய குத்துச்சண்டைக்காரன், ஜெயிலிலிருந்து இப்போதுதான் வெளியே வந்தவன். ஆர்தர் டேலி என்ற தில்லுமுல்லு வியாபாரி அவனை நாள் வாடகைக்கு மெய்க்காப்பாளனாக அனுப்புவார், கமிஷன் அடிப்பார். டெரியின் கை முஷ்டிக்கு வாட்டர்மேன் வெளியே போய்ப் பயிற்சி எடுக்க வேண்டியிருந்திருக்காது. அண்ணன் பீட்டர் வாட்டர்மேன் 1950களில் வெல்டர்வெயிட் பிரிவில் பிரிட்டிஷ் சாம்பியன்.

ஆர்தராக நடிக்க வந்தவர் ஜார்ஜ் கோல். வயது 54. அவருடைய பழைய வாழ்க்கையைப் படிக்கப் போய்த்தான் நான் சிக்கிக்கொண்டேன். ஏனென்றால் அவரும் ஒரு குழந்தை நட்சத்திரம். நம் ஆளுக்கு முந்தின தலைமுறை.

1925இல் தெற்கு லண்டன் டூட்டிங்கில் பிறந்து, பத்தே நாளில் தத்துக் கொடுக்கப்பட்ட பிள்ளை. கோல் என்பது வளர்த்தவர்களின் பெயர். ஏழைக் குடும்பம். பதினான்கு வயதில் பள்ளிக்கூடம் முடிந்தது. கசாப்புக்கடையில் எடுபிடி வேலைக்குப் போயிருக்க வேண்டியவன், ஊர் ஊராகப் போகும் இசை நாடகம் ஒன்றில் சேர்ந்துவிட்டான். 1940இல் 'காட்டேஜ் டு லெட்' நாடகத்தில் வாய்ப்பு. குண்டுவீச்சுக்குப் பயந்து லண்டனிலிருந்து ஸ்காட்லாந்துக்கு அனுப்பப்பட்ட சேரிப் பையன் வேஷம். வாயைத் திறந்தால் கிழக்கு லண்டன் காக்னி. அந்தப் பையன்தான் கதையில் ஒற்றனைக் கண்டுபிடிப்பான். அடுத்த வருஷம் ஆந்தனி ஆஸ்குவித் அதைப் படமாக்கியபோதும் அதே வேஷம் அவனுக்கே.

அதே நாடகத்தில் நடித்தவர் அலஸ்டர் சிம். முட்டைக் கண், வழுக்கைத் தலை, ஒரே வாக்கியத்துக்குள் பயமுறுத்தி, கெஞ்சி, குழைந்து முடிக்கிற குரல். பிரிட்டிஷ் படங்களின் மகா நகைச்சுவை நடிகர்களில் ஒருவர். அவரும் மனைவி நவோமியும் பையனைப் பார்த்தார்கள். லண்டனில் ராத்திரியானால் ஜெர்மன்காரன் குண்டு. கிராமப்புறத்தில் தங்களோடு வந்து இருக்கச் சொன்னார்கள். பையனை மட்டுமில்லை, அவனை வளர்த்த அம்மாவையும் சேர்த்து. கதையில் குண்டுக்குப் பயந்து இடம்பெயர்ந்த பையனாக நடித்தவன் நிஜத்திலும் அப்படியே ஆனான். யுத்தம் முடிந்தது, அவன் கிளம்பவில்லை. இருபத்தேழு வயது வரை சிம் வீட்டில்தான் இருந்தான். அப்புறம் கிளம்பிப் போய் எங்கே வீடு பிடித்தான்? கூப்பிடு தூரத்தில்.

இதோடு விட்டிருந்தால் நானும் விட்டிருப்பேன். சிம் நடிகராவதற்கு முன்னால் என்ன வேலை பார்த்தார் தெரியுமா? எடின்பரோ பல்கலைக்கழகத்து நியூ காலேஜில், பாதிரியார் ஆகப்போகிற மாணவர்களுக்கு உச்சரிப்புக் கற்றுக்கொடுக்கும் விரிவுரையாளர்! மனுஷர் சும்மா இருப்பாரா? வீட்டுக்கு வந்த பையனின் காக்னிப் பேச்சை மெல்ல மெல்லக் கழற்றினார். ஒரே மாதிரிச் சேரிப் பையன் வேஷம் மட்டும் வந்து, மீசை முளைத்ததும் தொழில் முடிந்துபோகக்கூடாது என்ற அக்கறை. உயிரெழுத்தை எப்படிச் சொல்வது, வாக்கியத்தை எங்கே நிறுத்துவது, சிரிப்பு வரும் வரை எப்படிப் பொறுப்பது, எல்லாம் சாப்பாட்டு மேஜையில் பாடம். 'பிக்மேலியன்' நாடகத்து எலைசாவுக்கு ஹிகின்ஸ் கிடைத்த மாதிரி. என்ன, இங்கே பந்தயம் கிடையாது, சோறு உண்டு.

இருவரும் சேர்ந்து பதினொரு படங்கள் நடித்தார்கள். அதில் 1951இல் வந்த 'ஸ்க்ரூஜ்' என்ற படத்தை இந்த வாரம் திரும்பப் பார்த்தேன். டிக்கன்ஸின் கிறிஸ்துமஸ் கதை. கஞ்சக் கிழவன் ஸ்க்ரூஜாக சிம். ஆவி ஒன்று அவரைப் பழைய காலத்துக்குக் கூட்டிப்போய் அவருடைய இளமையைக் காட்டும் அல்லவா? அந்த இளைஞன் ஜார்ஜ் கோல்.

யோசித்துப் பாருங்கள். ஒருவரிடமிருந்து குரலையே வாங்கிக்கொண்ட பையன், அதே மனிதரின் வாலிபத்தை நடிக்கிறான். மேக்கப் போட்டுக் கொண்டுவருகிற ஒற்றுமை இல்லை இது. வாக்கியம் முடிகிற இடத்தில் குரல் கொஞ்சம் மேலே போய்த் தொங்குவதும், எதிராளியைப் பார்க்காமல் அவன் தோளைப் பார்த்துப் பேசுவதும் இரண்டு பேரிடமும் அப்படியே இருக்கின்றன. ஒரு காட்சி. உடன்பிறந்தவள் ஃபேன் பிரசவத்தில் செத்துக்கொண்டிருக்கிறாள். இளைய ஸ்க்ரூஜ் தாங்க முடியாமல் அறையை விட்டுப் போய்விடுகிறான். அவன் போன பிறகு அவள் கண்ணைத் திறந்து, என் பிள்ளையைப் பார்த்துக்கொள் என்று கேட்கிறாள். அந்தப் பேச்சு இளையவன் காதில் விழவே இல்லை. பல வருஷம் கழித்து அங்கே நிற்கிற கிழவன் காதில்தான் விழுகிறது. சிம் அந்த இடத்தில் உடைந்துபோகிறார். கோல் அங்கே இல்லாமல் போவதால்தான் சிம்முக்கு அந்தக் காட்சி கிடைக்கிறது. குருவுக்கு இடம் விட்டு சிஷ்யன் வெளியேறுவதற்கும் நேரம் பார்க்கத் தெரிந்திருக்க வேண்டும். (இளைய மார்லியாக வருபவர் பாட்ரிக் மக்னீ. 'தி அவெஞ்சர்ஸ்' தொப்பிக்காரர். அவரைப் பற்றித் தொடங்கினால் இந்த வாரம் போய்விடும்.)

அப்புறம் 1954இல் 'தி பெல்ஸ் ஆஃப் செயின்ட் டிரினியன்ஸ்'. அடங்காப்பிடாரிப் பெண்கள் பள்ளிக்கூடம் ஒன்று. தலைமையாசிரியை மிஸ் ஃப்ரிட்டன் யார்? அலஸ்டர் சிம், புடவைக்குப் பதில் கவுன் கட்டிக்கொண்டு! அவளுடைய சகோதரன், குதிரைப் பந்தயக்காரனும் அவரேதான். பள்ளிக்கூடப் புதருக்குள்ளிருந்து தொப்பியும் மெல்லிய மீசையுமாக எட்டிப்பார்க்கிற களவுச் சரக்கு வியாபாரி ஃப்ளாஷ் ஹாரி? ஜார்ஜ் கோல். சிம் கஷ்டப்பட்டுக் கழற்றிய காக்னியை, சிம்முக்கு எதிரிலேயே திரும்ப மாட்டிக்கொண்டு வந்தார். இருபத்தைந்து வருஷம் கழித்து அந்த ஃப்ளாஷ் ஹாரிக்கு வயதும் தொந்தியும் போட்டால் ஆர்தர் டேலி. இதைப் பல பேர் சொல்லியிருக்கிறார்கள்.

எனக்கு அதில் கொஞ்சம் கூடுதலாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. ஆர்தர் பேசுவது சுத்தக் காக்னி இல்லை. கனவான் மாதிரிப் பேச ஆசைப்படுகிற காக்னி. பெரிய பெரிய வார்த்தையாக எடுத்துவிட்டு அதைத் தப்பாகப் போடுவார். கோல் 2013இல் எழுதிய சுயசரிதைக்கு வைத்த தலைப்பே அந்த ரகம்: உலகம் என் கையில் இருக்கும் சிப்பி என்று ஷேக்ஸ்பியரை வைத்துச் சொல்ல வேண்டியதை, உலகம் என் சிங்கி இறால் என்று ஆக்கிவிட்ட தலைப்பு. டூட்டிங்கில் பிறந்த நாக்கு ஒன்று, சிம் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் கற்ற நாக்கு ஒன்று. இரண்டையும் சொந்தமாக வைத்திருந்தவரால்தான் ஒன்றின் மேல் இன்னொன்றைப் போட்டு, அடியில் இருப்பது தெரிகிற மாதிரி பேச முடிந்தது. சிம் 1976இல் இறந்துவிட்டார். ஆர்தர் டேலியை அவர் பார்க்கவில்லை.

சரி, டெரிக்கு வருகிறேன்.

'மைண்டர்' முதலில் சுமாராகத்தான் போயிற்று. ஜனங்கள் இன்னொரு 'ஸ்வீனி'யை எதிர்பார்த்தார்கள், கிடைத்ததோ வாய்ச்சவடால். பிறகு அந்த வாய்ச்சவடாலுக்காகவே பார்க்க ஆரம்பித்தார்கள். யாரை வைத்துத் தொடர் ஆரம்பித்ததோ அவரைத் தாண்டி ஆர்தர் வளர்ந்துகொண்டே போனார். எழுத்தாளர்களும் ஆர்தருக்குத்தான் பக்கம் பக்கமாக எழுதினார்கள். வேறு நட்சத்திரமாக இருந்தால் இரண்டாம் சீசனிலேயே பஞ்சாயத்து வந்திருக்கும்.

வின்செஸ்டர் கிளப் காட்சிகளைப் பாருங்கள். எந்த எபிசோடை எடுத்தாலும் ஒன்று இருக்கும். பார்க்காரர் டேவ் கண்ணாடி டம்ளரைத் துடைத்துக்கொண்டிருப்பார். ஆர்தர் ஓட்கா டானிக் கேட்பார், கணக்கில் எழுதிக்கொள்ளச் சொல்வார். அந்தக் கணக்கு தீர்ந்ததாகச் சரித்திரம் இல்லை. பிறகு சுருட்டை எடுத்துக்கொண்டு டெரியிடம், ரொம்ப நாணயமான பார்ட்டி, ராத்திரி நேரம், ஒரே ஒரு லாரி லோடு என்று ஆரம்பிப்பார். டெரி பீர் டம்ளரை வாயருகே கொண்டுபோவான். குடிக்க மாட்டான். லாரி என்றதும் கண் ஒருதரம் டேவ் பக்கம் போய்வரும். தொகையைச் சொன்னதும் டம்ளர் கீழே இறங்கும். ஆர்தர் தன் தர்மசங்கடங்களையும் வீட்டில் இருக்கும் அம்மாளையும் (அந்த அம்மாள் கடைசிவரை திரையில் வந்ததே இல்லை) இழுக்கும்போது டெரி மெதுவாக மூச்சு விடுவான். போகப்போகிறான் என்று அர்த்தம். ஆர்தருக்கு இன்னும் தெரியாது, அவர் பேசிக்கொண்டே இருப்பார். நாம் சிரிப்பது ஆர்தர் பேச்சுக்கு என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். டெரி முகத்தை மறைத்துவிட்டு அதே பேச்சைக் கேட்டுப் பாருங்கள், பாதிதான் சிரிப்பு வரும்.

இதைச் சோதித்துப் பார்க்கப் பிரிட்டிஷ்காரர்களுக்கு வாய்ப்பும் கிடைத்தது. 1989இல் வாட்டர்மேன் விலகினார். இரண்டு வருஷம் கழித்து, ஆர்தரின் உறவுக்காரப் பையன் ரேயாக காரி வெப்ஸ்டரைப் போட்டுத் தொடர்ந்தார்கள். 1994 வரை ஓடியது. வெப்ஸ்டர் கெட்ட நடிகர் இல்லை. ஆனால் ரே நம்புகிறவன். டெரி நம்பாமல் போகிறவன். எனக்கு டெரி இல்லாத ஆர்தர் சத்தமாகத் தெரிகிறார்.

'மைண்டர்' முகப்புப் பாட்டைச் சொல்லாவிட்டால் கடிதம் வரும். பாடியவர் வாட்டர்மேனே. 1980இல் இசைத்தட்டாக வந்து பிரிட்டிஷ் பட்டியலில் மூன்றாம் இடம் வரை போனது. அதை வைத்துத்தான் பின்னாளில் 'லிட்டில் பிரிட்டன்' நகைச்சுவைத் தொடரில் அவரைக் கேலி செய்தார்கள். டேவிட் வாலியம்ஸ் குட்டியூண்டு வாட்டர்மேனாக வருவார். ஆப்பிளே அவருக்குப் பூசணிக்காய் அளவு இருக்கும். ஏஜென்ட் நல்ல நல்ல வேஷமாகக் கொண்டுவருவார். இவர், முகப்புப் பாட்டை நானே எழுதுவேன், நானே பாடுவேன் என்று அடம்பிடித்து எல்லாவற்றையும் கெடுப்பார். வேடிக்கை என்னவென்றால், 'மைண்டர்' பாட்டை அவர் எழுதவே இல்லை. எழுதியவர்கள் ஜெரார்டு கென்னியும், அப்போது வாட்டர்மேனின் மனைவியாக இருந்த பட்ரிஷியாவும். கேலி நிலைத்துவிட்டது, யார் போய்த் திருத்துவது?

பக்கத்தில் நின்றவர் ஒருமுறை நடுவில் வந்து நின்றதையும் சொல்லிவிடுகிறேன். 1982இல் 'தி வேர்ல்ட் கப்: எ கேப்டன்ஸ் டேல்' என்றொரு டிவி படம். வாட்டர்மேன் தயாரிப்பிலும் கை வைத்து, கேப்டனாக நடித்தார். இங்கிலாந்தின் டர்ஹம் நிலக்கரிச் சீமையில் வெஸ்ட் ஆக்லண்டு என்று ஒரு கிராமம். அந்த ஊர்ச் சுரங்கத் தொழிலாளிகளின் கால்பந்து அணி 1909இல் இத்தாலியின் டூரின் நகருக்குப் போய், பல நாட்டு அணிகள் ஆடிய போட்டியில் கோப்பையை வென்றது. 1911இல் திரும்பப் போய் யுவென்டஸை ஆறுக்கு ஒன்று என்று சாத்தியது. யுவென்டஸ்! கோப்பை கொடுத்தவர் சர் தாமஸ் லிப்டன். இலங்கையில் ஹப்புத்தளை மலையில் தமிழ்த் தொழிலாளிகளை வைத்துத் தேயிலை கிள்ளிய அதே லிப்டன்தான். இரண்டுமுறை வென்றதால் கோப்பை கிராமத்துக்கே சொந்தம். ஆனால் பயணக் கடன் கழுத்தை நெரித்தது. உள்ளூர் விடுதிக்கார அம்மாளிடம் நாற்பது பவுனுக்குக் கோப்பையை அடகு வைத்துவிட்டார்கள். மீட்டது 1960இல், விலை நூறு பவுன். 1994இல் அது திருடு போனது தனிக் கதை. ஆர்தர் டேலியிடம் விசாரித்திருக்கலாம்.

இன்னொன்றும் உண்டு. அதை அடுத்த வாரம், அதற்கடுத்த வாரம் என்று தள்ள மனசு வரவில்லை. 2012இல் பியர்ஸ் மோர்கனுக்கு அளித்த டிவி பேட்டியில், முன்னாள் மனைவியும் நடிகையுமான ரூலா லென்ஸ்காவை அடித்ததை வாட்டர்மேன் ஒப்புக்கொண்டார். ஒப்புக்கொண்டதோடு நிற்காமல், அதற்குச் சமாதானம் சொல்கிற மாதிரியும் பேசினார். பலத்த கண்டனம் வந்தது, வர வேண்டியதுதான். எதிராளி பேசுவதைக் கேட்கத் தெரிந்த முகம் என்று இத்தனை பத்திகள் எழுதியிருக்கிறேன். அந்தத் திறமை கேமராவுக்கு முன்னால் இருந்தது. வீட்டில் என்ன இருந்தது என்பதை அவரே சொல்லிவிட்டார். 2022 மே மாதம் ஸ்பெயினில், 74 வயதில் அவர் இறந்தபோது வந்த அஞ்சலிக் குறிப்புகளில் சில இதை ஒரு வரியில் கடந்தன. நான் அப்படிக் கடக்க மாட்டேன்.

எழுத நினைத்த 'நியூ ட்ரிக்ஸ்' இன்னும் தொடங்கவே இல்லை, பக்கம் முடிந்துவிட்டது. 2003இல் ஒரு படமாக வந்து மறுவருஷம் முதல் தொடரான கதை. ஓய்வுபெற்ற மூன்று போலீஸ்காரர்கள், துப்புத் துலங்காமல் கிடக்கும் பழைய வழக்குகள், மேலே ஒரு பெண் அதிகாரி. ஜேம்ஸ் போலம், ஆலன் ஆம்ஸ்ட்ராங், வாட்டர்மேன். ஐம்பத்தைந்து வயதிலும் அந்த மூன்று ஆம்பளைகளில் இவர்தான் இளையவர்! மற்றவர்கள் ஒவ்வொருவராகக் கழன்றுகொள்ள, பழைய ஆட்களில் கடைசியாக விலகியவரும் இவர்தான். முகப்புப் பாட்டும் இவரேதான் பாடினார், கேட்க வேண்டுமா?

2013இல் அந்தத் தொடருக்குள் புதிதாக ஒரு ஒல்லி ஆள் வந்தார்: நிக்கலஸ் லிண்டர்ஸ்ட். 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்' ராட்னி. அவரும் பையனாக டிவிக்கு வந்தவர்தான். படித்தது எங்கே? மேற்கு லண்டனில் வாட்டர்மேன் படித்த அதே கொரோனா நடிப்புப் பள்ளியில். (கிருமி வருவதற்கு எழுபது வருஷம் முன்பே வைத்த பெயர், அவர்களைக் குற்றம் சொல்லக்கூடாது.) காலையில் கணக்கும் பூகோளமும், மத்தியானம் டான்ஸும் வசனமும் சொல்லிக்கொடுத்த அந்தப் பள்ளிக்கூடத்தை ரோனா நைட் என்ற அம்மாள் தொடங்கினார். ரே வின்ஸ்டன், சூசன் ஜார்ஜ், ரிச்சர்டு ஓ'சலிவன் என்று அங்கே படித்தவர்களின் பட்டியலே நீளம். 'நியூ ட்ரிக்ஸ்' அடுத்த வாரம். ரோனா நைட் வழிவிட்டால்.